மோனா ஹாத்தூம்
பலஸ்தீனப் பெற்றோருக்கு 1952இல் பெய்ரூட்டில் பிறந்த கலைஞர். 1975இல் லண்டனுக்குச் சிறு பயணமாக வந்தவரை லெபனான் உள்நாட்டுப் போர் ஊர் திரும்பவிடவில்லை. லண்டனிலேயே தங்கிக் கலை பயின்றார். 1985இல் பிரிக்ஸ்டன் தெருக்களில், கனத்த பூட்ஸுகளைக் கணுக்கால்களில் கட்டி இழுத்தபடி வெறுங்காலுடன் நடந்தது அவரது பெயர்பெற்ற நிகழ்த்துகலை.

அவரது காணொளிகளில் ஆக நெருக்கமானது 1988இல் வந்த 'தொலைவின் அளவுகள்'. குளியலறையில் எடுத்த ஹாத்தூமின் தாயின் படங்கள்மீது, அவர் மகளுக்கு எழுதிய கடிதங்களின் அரபுக் கையெழுத்து முள்வேலிபோல் படர்கிறது. பின்னணியில் இருவரும் சிரித்துப் பேசுகிறார்கள். அதற்கு மேலாக, அக்கடிதங்களை ஆங்கிலத்தில் வாசிக்கும் மகளின் சோர்ந்த குரல். போர் பிரித்த குடும்பத்தின் ஏக்கத்தை இவ்வளவு அந்தரங்கமாகச் சொன்ன காணொளிகள் குறைவு. 1994இல் ஹாத்தூம் மருத்துவக் கேமராவால் தன் உடலின் உட்புறத்தையே படமாக்கினார்.