குளிர்காலத்துக்கென்று ஒரு செடி

பெல்ஜியத் தலைநகர் பிரஸ்ஸல்ஸின் பழைய தெற்கு வாசலைத் தாண்டினால் சென்-ஜில் வரும். இன்று வீடுகள் நெருக்கியடித்து நிற்கும் இந்த நகர்ப்பகுதி, 18ஆம் நூற்றாண்டில் காய்கறித் தோட்டங்கள் நிறைந்த கிராமமாக இருந்தது. நகரத்துச் சந்தைக்குக் கோஸ் கொண்டுபோய் விற்றே அந்த ஊரார் பிழைத்தார்கள். ‘கோஸ் வெட்டிகள்’ என்று அவர்களுக்கு விழுந்த பட்டப்பெயர், தோட்டங்கள் மறைந்த பிறகும் ஊரை விட்டுப் போகவில்லை. பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ் என்ற குட்டிக்கோஸ் பேர் வாங்கியது இந்த வட்டாரத்தில்தான்.

முட்டைக்கோஸ், காலிஃபிளவர், நூக்கல் ஆகியவற்றோடு இதுவும் ஒரே இனத்துச் செடி. முட்டைக்கோஸ் ஒரே தலையாகத் திரளும். வெட்டிவிட்டால் அதோடு சரி. இதுவோ இடுப்பளவு உயர்ந்து, ஒவ்வோர் இலைக்கணுவிலும் நெல்லிக்காய் பருமனில் ஒரு குட்டிக்கோஸ் விடும். அடிக்கணுவில் இருப்பது முதலில் முற்றும். மேலே போகப் போகத் தாமதமாகும். அதனால் ஒரே செடியில் அக்டோபரில் தொடங்கிப் பிப்ரவரி வரை கொஞ்சம் கொஞ்சமாகப் பறிக்கலாம். பனி கொட்டி, தோட்டத்தில் மற்றதெல்லாம் மடங்கிக் கிடக்கும் மாதங்கள் அவை. கையகல நிலம் வைத்திருந்தவர்களுக்கு இந்தச் செடி பிடித்துப்போனதற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

1812இல் அமெரிக்காவின் வர்ஜீனியாவில், முன்னாள் குடியரசுத் தலைவர் தாமஸ் ஜெஃபர்சன் தன் மாண்டிசெல்லோ தோட்டத்தில் இதை விதைத்தார். இங்கிலாந்தில் 1845இல் வெளிவந்த எலிசா ஆக்டனின் சமையல் புத்தகத்தில் இதற்கும் செய்முறை இருந்தது. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் ஆங்கிலேயரின் கொல்லைகளில் இது நிலையான குளிர்காலப் பயிராகிவிட்டது. கிறிஸ்துமஸ் விருந்திலும் இடம்பிடித்தது.

வளர்க்கும் முறை அன்றும் இன்றும் பெரிதாக மாறவில்லை. மார்ச், ஏப்ரலில் நாற்றங்காலில் விதைத்து, மே கடைசியிலோ ஜூனிலோ நாற்றைப் பிடுங்கி இரண்டடிக்கு மேல் இடைவெளி விட்டு நடுகிறார்கள். பெரும்பாலான காய்களுக்கு மண் பொலபொலவென்று இருக்க வேண்டும். இதற்கு இறுக வேண்டும். நட்டதும் குதிகாலால் சுற்றி மிதித்துவிட்டு, ஓர் இலையைப் பிடித்து இழுத்துப் பார்ப்பார்கள். இலை கிழிந்து கையோடு வந்தால் நடவு சரி. செடியே பெயர்ந்து வந்தால் மறுபடி மிதிக்க வேண்டும். வேர் ஆடினால் குட்டிக்கோஸ் உருண்டு திரளாமல் வாய் விரிந்து போகும். தண்டு உயர உயர மண் அணைத்து, காற்று வீசும் இடமானால் கம்பு நட்டுக் கட்டுவார்கள். வேர் வீங்கிச் செடியை முடக்கும் கிளப் ரூட் நோய்க்கு அஞ்சி மண்ணில் சுண்ணாம்பு கலப்பதும் பழைய வழக்கம். முதல் உறைபனி விழுந்த பிறகே பறிப்பேன் என்று காத்திருப்பவர்கள் உண்டு. குளிரில் செடி மாவுச்சத்தைச் சர்க்கரையாக்கிக்கொள்வதால் காய் இனிக்கும்.

இரண்டாம் உலகப் போர் இந்தச் செடிக்குப் புது மதிப்பைத் தந்தது. 1939 அக்டோபரில் பிரிட்டிஷ் அரசு, வெற்றிக்காகத் தோண்டுங்கள் என்று மக்களை அழைத்தது. கடல்வழி உணவு வரத்து குறைந்திருந்தது. ஆரஞ்சு கண்ணில் படுவதே அரிது. வைட்டமின் சி நிறைந்த இந்தக் காயோ கொல்லையிலேயே நின்றது. சுமார் எட்டு லட்சமாக இருந்த வாடகைத் தோட்டத் துண்டுகள் போர்க்காலத்தில் 14 லட்சத்தை எட்டின. ஒரு துண்டு 90 அடிக்கு 30 அடி. நம் கணக்கில் சுமார் ஆறு சென்ட். கோடையில் தக்காளியும் கீரையும் எல்லோரும் போட்டார்கள்; ஜனவரியில்தான் சட்டி காலியானது. ஆகவே கோடைக்கு மட்டுமல்ல, குளிர்காலத்துக்கும் பயிரிடுங்கள் என்று வேளாண் அமைச்சகம் துண்டுப் பிரசுரம் போட்டது. ஞாயிறு மதியம் வானொலியில் சி.எச். மிடில்டன் தோட்டக்கலை பேச, லட்சக்கணக்கானோர் கேட்டார்கள்.

போருக்குப் பின் காய்களை உறையவைத்து விற்கும் ஆலைகள் பெருகின. உறைபனியில் விரல் விறைக்க, ஒரே வயலைப் பலமுறை சுற்றிக் கையால் பறிப்பது அவற்றுக்குக் காய் தந்த பெரிய பண்ணைகளுக்குக் கட்டுப்படியாகவில்லை. தண்டோடு வெட்டி, இயந்திரத்தில் செருகி உதிர்க்க வேண்டுமானால் அடி முதல் நுனி வரை ஒரே சமயத்தில் முற்ற வேண்டும். அதற்கென்றே கலப்பின ரகங்கள் உருவாயின. பண்ணைக்கு லாபம்தான். ஆனால் வாரத்துக்கு ஒரு கிண்ணம் போதும் என்ற வீட்டுக்கு, அத்தனையும் ஒன்றாக வந்து என்ன பயன்? ஈவ்ஷம் ஸ்பெஷல், பெட்ஃபர்ட் ஃபில்பாஸ்கெட் போன்ற பழைய ரகங்களைக் கைவிடாமல் காத்ததில் வீட்டுத் தோட்டக்காரர்களுக்குப் பெரும் பங்கு உண்டு.

பழைய விதைகளின் அருமையைப் பின்னாளில் பெரிய நிறுவனங்களும் உணர்ந்தன. 1990களில் நெதர்லாந்தில் ஹான்ஸ் வான் டோர்ன் என்ற விஞ்ஞானி, இந்தக் காயின் கசப்புக்கு சினிகிரின், புரோகோய்ட்ரின் என்ற இரு சேர்மங்களே காரணம் என்று கண்டறிந்தார். உடனே விதை நிறுவனங்கள் சேமிப்பில் இருந்த பழைய ரகங்களை எடுத்துச் சோதித்தன. கசப்புக் குறைந்தவற்றைப் பொறுக்கி, விளைச்சல் மிகுந்த புது ரகங்களோடு கலப்பினம் செய்தன. பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ் என்றாலே முகம் சுளித்து வளர்ந்த தலைமுறையின் பிள்ளைகள் இன்று அதை எண்ணெயில் வறுத்து விரும்பிச் சாப்பிடுகிறார்கள் என்றால், அதில் அந்தப் பழைய விதைகளுக்கும் பங்கிருக்கிறது.