கதவு மூடினதால் பிறந்த ஆல்பம்: எம்.ஐ.ஏ.வின் ‘கலா’

சினிமா பாட்டு இல்லாத ஒரு தமிழ் ஆல்பம் பத்திப் பேசுங்கன்னு சில பேர் கேட்டிருந்தீங்க. இன்னிக்கு எடுத்திருக்கிறது தமிழ் ஆல்பமான்னு கேட்டா, சட்டுனு பதில் சொல்ல முடியல. பாட்டெல்லாம் இங்கிலீஷ். ஆனா ஆல்பத்தோட பேரு ஒரு ஈழத்து அம்மாவோட பேரு. உள்ளே அடிக்கிறது நம்ம பக்கத்துக் கொடையில கேக்குற மேளம். 2007-ல் வந்த ‘கலா’. எம்.ஐ.ஏ. என்கிற மாதங்கி ‘மாயா’ அருள்பிரகாசத்தோட ரெண்டாவது ஆல்பம்.

நான் இதை முதல்ல கேட்டது காலேஜ் ஹாஸ்டல்ல. ‘பேர்டு ஃப்ளூ’ன்னு ஒரு பாட்டு. கேட்டுட்டு இருக்கும்போதே ஹெட்போனைக் கழட்டிட்டு ஜன்னல் வழியா எட்டிப் பாத்தேன். தெருவுல ஏதோ கோயில் ஊர்வலம் போகுதுன்னு நினைச்சேன். தெருவுல யாரும் இல்ல. சத்தம் லண்டன்காரி ஒருத்தி ஆல்பத்துல இருந்து வந்துச்சு.

முதல்ல மாயாவோட கதை. 1975-ல் லண்டன்ல பிறந்தாங்க. ஆறு மாசக் குழந்தையா இருக்கும்போதே குடும்பம் இலங்கைக்குத் திரும்பிடுச்சு. அப்பா அருள்பிரகாசம், ஈரோஸ் இயக்கத்தைத் தொடங்கினவங்கள்ல ஒருத்தர். இயக்கப் பேரு அருளர். அப்பா வீட்டுல தங்குனதே குறைவு. யாழ்ப்பாணத்துல கொஞ்ச காலம், மெட்ராஸ்ல கொஞ்ச காலம்னு பிள்ளைகளை வளத்தது அம்மா கலா. 1986-ல் அகதிகளா லண்டன் போய்ச் சேர்ந்தாங்க. அங்கே அம்மாவுக்குத் தையல் வேலை.

மாயா படிச்சது ஓவியக் கல்லூரியில. இசைக்கு வந்த வழி ஒரு ராக் பேண்ட். ‘எலாஸ்டிகா’ன்னு ஒரு பிரிட்டிஷ் இண்டி ராக் குழு. அவங்களோட 2000-ம் வருஷ ஆல்பத்துக்கு அட்டை செஞ்சு கொடுத்து, டூர்ல வீடியோ எடுக்கக் கூடவே போனாங்க. அந்தப் பழக்கத்துலதான் ரோலண்ட் எம்.சி.-505ன்னு ஒரு சின்ன பீட் மெஷின் அறிமுகமாச்சு. முறைப்படி சங்கீதம் படிக்காத ஒருத்தங்க, அந்த ஒரு பெட்டியை வெச்சு வீட்டுல பாட்டு பண்ண ஆரம்பிச்சாங்க. 2005-ல் முதல் ஆல்பம், அப்பா பேர்ல: ‘அருளர்’. லண்டன்ல எக்ஸ்.எல். என்கிற சுயாதீன லேபிள் வெளியிட்டுச்சு. மெர்குரி பரிசுக்கான பட்டியல் வரைக்கும் போச்சு.

ரெண்டாவது ஆல்பத்தை அமெரிக்காவுல, டிம்பலேண்ட் மாதிரி பெரிய தயாரிப்பாளரோட பண்றதா திட்டம். நியூயார்க்ல வீடு கூட எடுத்தாச்சு. 2006-ல் விசா கிடைக்கல.

ஐ.டி.யில இருக்கிற நமக்கு இந்த இடம் நல்லாப் புரியும். விசா ஸ்டாம்பிங் சிக்கிக்கிட்டா வாழ்க்கையே ‘பெண்டிங்’ல நிக்கும். என் டீம்ல ஒருத்தன் ஊருக்கு வந்துட்டு, திரும்பப் போக முடியாம நாலு மாசம் வீட்டு மாடியில உக்காந்து அமெரிக்க நேரத்துக்கு வேலை பாத்தான். மாயா உக்காரல. உள்ள விடாத நாட்டை விட்டுட்டு, விட்ட நாட்டுக்கெல்லாம் போனாங்க. இந்தியா, டிரினிடாட், ஜமைக்கா, லைபீரியா, ஆஸ்திரேலியா. கூட ஸ்விட்ச் என்கிற பிரிட்டிஷ் தயாரிப்பாளர். போன இடத்துச் சத்தமெல்லாம் ஆல்பத்துக்குள்ள வந்துச்சு.

அதுல சென்னைதான் முக்கியம். ரஹ்மானோட ஸ்டூடியோவுல உறுமி மேளத்தை ரெக்கார்ட் பண்ணாங்க. உறுமி தெரியாதவங்களுக்குச் சொல்றேன். ரெண்டு முகம் உள்ள மேளம். ஒரு பக்கம் அடி. இன்னொரு பக்கம் வளைஞ்ச குச்சியால தோலை அழுத்தித் தேய்க்கணும். அப்ப ஒரு மிருகம் உறுமுற மாதிரி சத்தம் வரும், பேரே அதனாலதான். ‘பேர்டு ஃப்ளூ’, ‘பாய்ஸ்’ ரெண்டு பாட்டும் இந்த மேளத்து மேலதான் நிக்குது. ஆல்பத்தோட முதல் பாட்டு ‘பம்பூ பங்கா’வுல இன்னொரு ஆச்சரியம்: ‘தளபதி’ படத்துல இளையராஜா போட்ட ‘காட்டுக்குயிலு’ பாட்டோட துண்டு. 1991-ல் நம்ம டீக்கடை ரேடியோவுல ஓடின பாட்டு.

2007 ஆகஸ்ட்ல ஆல்பம் வந்துச்சு. ‘ரோலிங் ஸ்டோன்’ பத்திரிகை அந்த வருஷத்தோட சிறந்த ஆல்பம்னு முதல் இடம் கொடுத்துச்சு. ஆனா விற்பனை அமைதியாத்தான் இருந்துச்சு, அமெரிக்கப் பட்டியல்ல 18-வது இடம். ஒரு வருஷம் கழிச்சு ஒரே ஒரு பாட்டு வெடிச்சுச்சு: ‘பேப்பர் பிளேன்ஸ்’. 2008-ல் ‘பைனாப்பிள் எக்ஸ்பிரஸ்’ படத்தோட டிரெய்லர்ல வந்து, அமெரிக்காவுல நாலாவது இடம் வரைக்கும் ஏறுச்சு. ‘ஸ்லம்டாக் மில்லியனர்’லயும் வந்துச்சு. வேடிக்கை என்னன்னா, அந்தப் பாட்டுல உறுமி கிடையாது. அடித்தளம் ‘தி க்ளாஷ்’ என்கிற ராக் பேண்டோட 1982-ம் வருஷப் பாட்டு. அதுவும் குடியேறினவங்களைப் பத்தின பாட்டுதான்.

‘பேப்பர் பிளேன்ஸ்’ விசாவுல இருந்து பிறந்த பாட்டு. வெளிநாட்டுல இருந்து வர்றவன்னாலே ஆபத்தானவன், திருட வந்தவன்னு பாக்குற பார்வையைக் கிண்டல் பண்ணுது. பல்லவியில துப்பாக்கிச் சத்தமும், கல்லாப்பெட்டி திறக்குற சத்தமும் வரும். “என்னைப் பத்தி நீ இப்படித்தானே நினைக்கிற?”ங்கிற மாதிரி.

எம்.டி.வி. அந்தத் துப்பாக்கிச் சத்தத்தை மாத்திட்டு ஒளிபரப்புச்சு. டேவிட் லெட்டர்மேன் நிகழ்ச்சியிலயும் அதே கதை. பயத்தைக் கிண்டல் பண்ண பாட்டை, பயந்துபோய் வெட்டினாங்க.

2009 பிப்ரவரி 8, கிராமி மேடை. நிறைமாத கர்ப்பிணியா மாயா பாடினாங்க. மூணு நாள்ல குழந்தை பிறந்துச்சு. அதே வாரங்கள்ல வன்னியில ஜனங்க குண்டுக்கு நடுவுல முள்ளிவாய்க்கால் பக்கமா நெருக்கப்பட்டுக்கிட்டு இருந்தாங்க. மே மாசம் எல்லாம் முடிஞ்சது. மாயா கிடைச்ச மேடையிலெல்லாம் இதைப் பேசினாங்க. பதிலுக்குத் தீவிரவாதத்துக்கு ஆதரவாளர்னு பட்டம் கிடைச்சுது. பாட்டை ரசிச்ச காது, பேச்சைக் கேக்கல.

நான் தூத்துக்குடிக்காரன். எங்க கடலுக்கு அந்தப் பக்கம் இலங்கை. மன்னார் வளைகுடாவோட ரெண்டு கரையிலயும் முத்துக்குளிச்சிருக்காங்க. வ.உ.சி. 1906-ல் கம்பெனி தொடங்கிக் கப்பல் விட்டது தூத்துக்குடி–கொழும்பு பாதையிலதான். 2011 ஜூன்ல அதே பாதையில பயணிகள் கப்பல் திரும்ப ஓடுச்சு, நவம்பர்லயே நின்னுபோச்சு. இவ்வளவு பக்கத்துல இருக்கிறவங்க கதை எனக்கு லண்டனைச் சுத்திக்கிட்டு, ஹெட்போன் வழியாத்தான் வந்து சேர்ந்துச்சு. அதை நினைச்சா இப்பவும் கொஞ்சம் கூச்சமா இருக்கு.

இன்னொரு விஷயம். 2018 மே மாசம் எங்க ஊர்ல போலீஸ் துப்பாக்கிச் சூட்டுல 13 பேர் செத்துப்போனாங்க. அதுக்கப்புறம் ரொம்ப நாள் ‘பேப்பர் பிளேன்ஸ்’ பல்லவி வந்தா ஸ்கிப் பண்ணிடுவேன். அதுவரைக்கும் எனக்கு அது ஒரு பீட், அவ்வளவுதான். திரும்பக் கேட்டப்பதான் ஒண்ணு புரிஞ்சது. சுடுற சத்தத்தை விளையாட்டா வெக்கிற தைரியம், அந்தச் சத்தத்துக்கு நடுவுல வளர்ந்த பிள்ளைக்குத்தான் வரும். எம்.டி.வி. வெட்டினதும், நான் ஸ்கிப் பண்ணதும் வேற வேற காரணம். ஆனா ரெண்டு பேருமே அந்தப் பாட்டு கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லல.

அன்னிக்கு விசா கிடைச்சிருந்தா ஆல்பம் இன்னும் பளபளப்பா வந்திருக்கலாம், உறுமி வந்திருக்குமான்னு தெரியாது. அதுக்காக விசா மறுத்தது நல்லதுன்னு சொல்ல வரல. மூடின கதவுக்கு நன்றி சொல்லத் தேவையில்ல. கதவு மூடினப்ப அந்தப் பொண்ணு எந்தப் பக்கம் திரும்பி நடந்தாங்கறதுதான் கதை.

கேக்கப்போறவங்க ‘பேப்பர் பிளேன்ஸ்’ல ஆரம்பிக்காதீங்க. ‘பம்பூ பங்கா’, ‘பேர்டு ஃப்ளூ’, ‘பாய்ஸ்’, அதுக்கப்புறம் அது. முடிஞ்சா உங்க அம்மாவையும் பக்கத்துல உக்கார வெச்சுக் கேளுங்க. எங்க அம்மா ‘பேர்டு ஃப்ளூ’ கேட்டுட்டு ஒண்ணுதான் கேட்டாங்க: “எந்தக் கோயில் கொடைடா இது?”

அடுத்த எபிசோட்ல பாக்கலாம்.