தட்டை நாட்டில் ஹான்ட் பிறேக்

யாழ்ப்பாணத்தில் கார் ஓடப் பழகியவர்களிடம் ஹான்ட் பிறேக் பிடிக்கும் பழக்கம் குறைவு. அதற்காக அவர்களைக் குறை சொல்ல முடியாது. குடாநாடு முழுக்கச் சுண்ணாம்புக் கல்லின் மேல் விரித்த தட்டை நிலம். மலை என்று பெயர் வைத்திருக்கும் கீரிமலையில்கூடக் கேணிதான் உண்டு, மலை இல்லை. காரைக் கியரில் போட்டுவிட்டு இறங்கினால் விட்ட இடத்தில் நிற்கும். கொஞ்சம் சாய்வு கண்ணில் பட்டால் "தம்பி, சில்லுக்கு ஒரு கல்லு வை" என்ற குரல் வரும். கோயில் திருவிழாவுக்குப் போய்வந்த வாடகைக் கார்கள் நின்ற இடமெல்லாம் மறுநாள் காலையில் வெறும் கல்லுகள் கிடக்கும்.

இந்த அலட்சியத்துக்கு ஒரு வரலாறு உண்டு. அதைச் சொல்ல முதலில் ஹான்ட் பிறேக் ஏன் வந்தது என்று பார்க்க வேண்டும். நிறுத்திவைத்த கார் உருளாமல் இருக்கச் செய்த சாமான் என்றுதான் பலரும் நினைக்கிறோம், ஆனால் அது வந்த காரணம் வேறு. 1896இல் பிரித்தானியாவில் மோட்டார் வண்டிகளைத் தெருவில் விட அனுமதித்தபோது போட்ட விதிகளில், ஒன்றையொன்று நம்பியிராத இரண்டு பிறேக்குகள் ஒவ்வொரு வண்டியிலும் இருக்க வேண்டும் என்று எழுதினார்கள். ஒன்று போனால் மற்றது நிறுத்த வேண்டும். காலால் மிதிப்பது ஒன்று, கையால் இழுப்பது மற்றது என்று ஆனது அந்த வழியில்தான். 1922இல் வந்த ஒஸ்ரின் செவனில் கால் மிதித்தால் பின் சில்லுகளும் கை இழுத்தால் முன் சில்லுகளும் பிடிக்கும். 1930இல்தான் இரண்டையும் சேர்த்தார்கள். அந்தக் காலச் சாரதிகளுக்கு ஓட்டத்தில் ஹான்ட் பிறேக்கை இழுப்பது அன்றாட வேலை.

உறைக்குள் கம்பி ஓடும் வயரும் அதே 1896இல் காப்புரிமை பெற்றது. ஏர்னஸ்ற் மொனிங்ரன் பௌடன் என்ற அயர்லாந்துக்காரர் பெயரில் அதை இன்றும் பௌடன் கேபிள் என்கிறார்கள். வளைந்து வளைந்து போகும் இடத்துக்கும் இழுவிசையைக் கொண்டுபோகலாம் என்பதுதான் அதன் சூட்சுமம். முதலில் சைக்கிளுக்குப் போனது, பிறகு மோட்டார் சைக்கிள், பிறகு கார். ஆனால் கார்க் கம்பனிகள் உடனே நம்பிவிடவில்லை. ஒஸ்ரின்காரர் நெடுங்காலம் இரும்புக் கோல்களையே விடவில்லை. 1947இல் வந்த ஏ-40 டெவனில்கூட முன் சில்லுக்குத்தான் எண்ணெய் பிறேக், பின் சில்லுக்குக் கோல். அதற்கடுத்து 1952இல் வந்த சோமசெட்டில்தான் நாலு சில்லுக்கும் எண்ணெய். மொறிஸ்காரர் இந்த விஷயத்தில் முந்திக்கொண்டவர்கள். அவர்கள் 1930களிலேயே லொக்ஹீட் எண்ணெய் பிறேக்குக்கு மாறத் தொடங்கிவிட்டார்கள்.

எங்கள் வீட்டில் இருப்பது மொறிஸ் மைனர். ஐயா பழையதாக வாங்கியது, 803 சிசி எஞ்சின், இலக்கத் தகடுகளில் சிங்கள 'ஸ்ரீ' எழுத்து வருவதற்கு முந்திய ஆங்கில எழுத்து இலக்கம். 1957, 1958 ஸ்ரீ எதிர்ப்புப் போராட்டத்தில் இலக்கத் தகடுகளுக்குத் தார் பூசியபோது எங்கள் கார் அதில் அகப்படாமல் தப்பியது அதனால்தான் என்று ஐயா சொல்லுவார். மைனரை வரைந்தவர் அலெக் இசிகோனிஸ். 1948இல் லண்டன் கண்காட்சிக்கு வருவதற்குச் சற்று முன்னர், அகலம் போதாது என்று மாதிரிக் காரை நடுவால் வெட்டி நாலு அங்குலம் கூட்டினார் என்பது எல்லாரும் அறிந்த கதை. ஆரம்ப கால பம்பர்களில் நடுவே ஒட்டுத்துண்டு இருப்பது அதற்குச் சாட்சி. நான் சொல்ல வந்தது வேறு. மைனரில் பிறேக் எண்ணெயின் தலைச் சிலிண்டர் சாரதியின் காலுக்குக் கீழே, தரைக்கு அடியில் இருக்கிறது. எண்ணெய் பார்க்க வேண்டுமென்றால் கம்பளத்தை உயர்த்தி ஒரு மூடியைக் கழற்ற வேண்டும். யார் கழற்றுவார்கள்? அங்கேயிருந்து நாலு சில்லுக்கும் போவது ஒரே குழாய் வலை. எங்காவது ஓரிடத்தில் கசிந்தால் நாலும் போகும். அப்போது மிஞ்சுவது இரண்டு முன் ஆசனங்களுக்கும் நடுவே இருக்கும் நெம்பும், அதிலிருந்து பின் சில்லுகளுக்குத் தனித்தனியாகப் போகும் இரண்டு வயர்களும்தான்.

இந்தக் கார்கள் யாழ்ப்பாணத்துக்கு வந்தது உத்தியோகக் காசிலும் புகையிலைக் காசிலும் மலாயாப் பென்சனிலும். 1950களில் ஏ-40, மைனர், ஒக்ஸ்போட் எல்லாம் தாராளமாக இறங்கின. 1960களின் தொடக்கத்தில் அந்நியச் செலாவணி தட்டுப்பட்டது, அரசாங்கம் இறக்குமதியை இறுக்கியது, புதுக் கார் என்பது பேச்சளவில் போனது. 1977இல் பொருளாதாரத்தைத் திறந்துவிட்டு ஜப்பான் கார்கள் வரும்வரைக்கும், கையில் இருந்ததைத்தான் ஓட வேண்டும். ஒரு கார் தகப்பனிடமிருந்து மகனுக்குப் போனது அந்தப் பதினைந்து பதினாறு வருஷத்தில்தான்.

உதிரிப்பாகத்துக்குக் கொழும்பில் பஞ்சிகாவத்தை. உடைத்த கார்களின் பாகங்கள் கூரை உயரத்துக்குக் குவிந்து கிடக்கும் தெரு அது. அங்கே யாராவது உறவினர் எடுத்து, கடதாசியில் சுற்றி, யாழ்தேவியில் வருகிறவர் கையில் கொடுத்துவிடுவார். 1956இல் ஓடத் தொடங்கிய அந்த ரயில் எங்களுக்குக் கியர் பெட்டியின் பற்சில்லு, காபரேற்றர், முன் விளக்குக் கண்ணாடி எல்லாம் கொண்டுவந்து சேர்த்திருக்கிறது. ஹான்ட் பிறேக் வயர் வந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை. யாரும் கேட்டு எழுதவில்லை. ரயிலில் அனுப்பும் ஒரு பொதிக்குள் எதை முதலில் வைப்பது என்ற கணக்கில், தட்டை நாட்டுக்காரனுக்கு அது கடைசி. அது வைக்க முன்னரே பொதி நிறைந்துவிடும்.

எங்கள் ஊர் மெக்கானிக் ஒருவர் இருந்தார். வீட்டு வளவுக்குள் வேப்பமர நிழலில் கராஜ். காரை உயர்த்த அவரிடம் ஸ்ராண்ட் கிடையாது, இரண்டு பனங்குற்றிதான். இரும்பைவிட அதை நம்பலாம் என்பார், அது உண்மையும்கூட. ஆனால் ஹான்ட் பிறேக் என்றால் அவரும் சிரிப்பார். "எங்க ஐயா நிப்பாட்டப் போறியள், நுவரெலியாவிலயோ?" என்று கேட்பார். ஐயாவுக்குக் கோபம் வரும், ஆனால் மறுபேச்சு இருக்காது. ஐயாவின் ஏழை எஞ்சின் நுவரெலியா ஏறாது என்பது இரண்டு பேருக்கும் தெரியும்.

பிறகு 1990 வந்தது. யுத்தத்தால் ஜூனில் ரயில் நின்றது. பொருளாதாரத் தடை விழுந்தது. பெற்றோல், பற்றறி, சீமெந்து, உதிரிப்பாகம் எதுவும் வராது. யாழ்ப்பாணத்துப் பழைய கார்கள் மண்ணெண்ணெயில் ஓடிய கதையை வெளிநாட்டுப் பத்திரிகைக்காரர்கள் வரை எழுதிவிட்டார்கள். சில துளி பெற்றோலைக் காபரேற்றருக்குள் விட்டு எஞ்சினை உயிர்ப்பித்து, சூடானதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றிவிடுவது. அழுத்தம் குறைந்த பழைய எஞ்சின்கள் என்பதால் அது முடிந்தது. 1977க்குப் பிறகு வந்த ஜப்பான் கார்கள் அதற்கு முகம் சுளித்துப் படுத்துக்கொள்ள, ஒதுக்கிவைத்த ஏ-40களும் மைனர்களும் மறுபடி தெருவுக்கு வந்தன. பின்னால் கறுப்புப் புகை, உள்ளே ஆஸ்பத்திரிக்குப் போகும் நோயாளி.

அந்தப் புகையைப் பற்றி எழுதியவர்கள் பிறேக்கைப் பற்றி எழுதவில்லை. பிறேக் எண்ணெயும் தடைக்குள் அகப்பட்டதுதான். சில்லுச் சிலிண்டரின் றப்பர் வாசர் தேய்ந்தால் மாற்றுவதற்கு இல்லை. கால் பிறேக் தரைவரை போகும், இரண்டு மூன்று தரம் அடித்து மிதித்தால்தான் பிடிக்கும். அப்போதுதான் எங்களுக்கு ஹான்ட் பிறேக்கின் ஞாபகம் வந்தது. நெம்பை இழுத்துப் பார்த்தால் சிலதில் வயர் உறைக்குள் துருப்பிடித்து இறுகிக் கிடந்தது, சிலதில் அறுந்து தொங்கியது. செம்பாட்டு மண் உறையின் வாய்க்குள் புகுந்து மழையில் நனைந்து சீமெந்தாகிவிடும். கரையோர ஊர்களில் உப்புக் காற்று வேறு. அந்தக் காலப் பிரித்தானியக் கார்கள் பலவற்றில் வயர் உறையிலேயே கிறீஸ் அடிப்பதற்கு ஒரு நிப்பிள் வைத்திருப்பார்கள். முப்பது வருஷமாக அதற்குக் கிறீஸ் காட்டியவர் யாருமில்லை.

மெக்கானிக் அண்ணை அப்போது செய்தது இது. மோட்டார் சைக்கிள் கிளட்ச் வயர்கள் இரண்டு மூன்றைச் சேர்த்து முறுக்கினார். நுனியில் பித்தளைக் குழாய்த் துண்டு ஒன்றைக் கோத்து, இழைகளை விரித்து, ஈயம் உருக்கி ஊற்றினார். உறைக்குச் சைக்கிள் ரியூப்பை நீளமாக வெட்டிச் சுற்றினார். இழுத்தால் பிடித்தது. ஒருநாள் இறுக்கினால் மறுவாரம் நீண்டுவிடும், மறுபடி நட்டைத் திருக வேண்டும். முறுக்கிய இழைகள் ஒன்றோடொன்று படிந்து நீளுவதை அவரால் தடுக்க முடியவில்லை. இதே 1990களில் இலங்கையின் தெற்கே மைனருக்குப் புதிய பாகங்கள் செய்து இங்கிலாந்துக்கு ஏற்றுமதி செய்துகொண்டிருந்தார்கள் என்பது எனக்குப் பின்னாளில்தான் தெரியவந்தது. ஒரே தீவு. அங்கே செய்த பாகம் கடல் தாண்டி இங்கிலாந்துக்குப் போனது, ஆனையிறவைத் தாண்டி எங்களிடம் வரவில்லை.

யுத்தத்தில் மூடிக்கிடந்த ஏ-9 வீதி 2002இல் திறந்தது. வருஷக்கணக்காகக் குடாநாட்டைவிட்டு வெளியே போகாத கார்கள் அந்த வழியால் போயின. எங்கள் மைனரும் கண்டி பார்க்கப் புறப்பட்டது. ஏ-9 மாத்தளை தாண்டிக் கண்டியை நெருங்கும்போது ஏற ஆரம்பிக்கும். ஒரு வளைவில் முன்னால் போன லொறி நிற்க, நாங்களும் நின்றோம். நெம்பை இழுத்தேன். கார் மெதுவாகப் பின்னுக்கு நகர்ந்தது. பின் ஆசனத்திலிருந்த மருமகன் கதவைத் திறந்து குதித்து ஒரு கல்லைத் தேடி எடுத்துச் சில்லுக்கு வைத்தான். பின்னால் நின்ற பஸ்காரர் சிங்களத்தில் ஏதோ சொன்னார், நல்லதாக இருந்திருக்காது. யாழ்ப்பாணத்துப் பழக்கம் மலையிலும் கைகொடுத்தது என்று மருமகனுக்குப் பெருமை. எனக்கு உடம்பெல்லாம் வியர்த்துவிட்டது.

திரும்பி வந்ததும் வயர்களை மாற்றினேன், வீட்டு முற்றத்தில், நானே. இங்கிலாந்தில் மைனருக்கென்றே பாகங்கள் விற்கும் கடைகள் இருக்கின்றன. ஒன்றுவிட்ட அண்ணன் அங்கேயிருந்து புது வயர் சோடியொன்றை அனுப்பியிருந்தார். பனங்குற்றிகள் மெக்கானிக் அண்ணையிடமிருந்து வாங்கி வந்தவை. அவரும் கூடவே வந்து கதிரையில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

முன் சில்லுகளுக்கு முன்னும் பின்னும் கட்டை வைத்து, நெம்பை இறக்கிவிட்டு, அதன் அடியிலுள்ள உறையை விலக்கினால் இரண்டு நட்டுகள் தெரியும். வயருக்கு ஒன்று. என்னுடையதில் நட்டும் மரையும் ஒரே துருக்கட்டி. முதல் நாள் இரவே எண்ணெய் விட்டு ஊறவைத்தது நல்லதாகப் போயிற்று. பின்பக்கத்தில் பிறேக் தட்டுக்குப் பின்னால் ஒரு சிறு நெம்பு நீட்டிக்கொண்டிருக்கும், அதில் ஒரு முள்ளும் அதைப் பூட்டிய பிளவு ஊசியும். ஊசியைக் குறடால் நிமிர்த்தினால் உடைந்துவிடும், உடைந்தால் நல்லது, பழையதைத் திரும்பப் போடும் ஆசை வராது. வயரை வெளியே இழுத்தபோது, நெம்பின் கீழே வளையும் இடத்தில் மட்டும் வெளி இழைகள் அறுந்து மீசை போல விரிந்திருந்தன. மிச்ச நீளம் பார்வைக்குப் புதியது மாதிரி. வயர் எப்போதும் வளைவில்தான் சாகும்.

புது வயரைப் போட்டதும் நட்டைத் திருகக் கை போனது. "பொறுங்கோ ஐயா" என்றார் அண்ணை. "முதல்ல பிறேக் சூவைச் சரிப்பண்ணுங்கோ. வயரை இழுத்துத் தேய்மானத்தை மறைக்கக் கூடாது." மைனரின் சில்லு மூடியைக் கழற்றி டிறம்மைச் சுற்றினால் ஒரு துளைக்கு நேரே திருகாணித் தலை வரும். சில்லு இறுகும்வரை அதைத் திருப்பி, பிறகு ஒரு பல்லுத் தளர்த்தி விட வேண்டும். அது முடிந்த பிறகுதான் வயர். நெம்பை மூன்றாம் பல்லில் வைத்து, இரண்டு சில்லையும் கையால் சுற்றிப் பார்த்து, இரண்டிலும் ஒரே இறுக்கம் வரும்வரை நட்டுகளை ஏற்றி இறக்க வேண்டும். ஒன்று அதிகம் பிடித்தால் ஈரத் தெருவில் கார் பக்கவாட்டில் இழுக்கும். தன் சீவியத்தில் யாருக்கும் புது ஹான்ட் பிறேக் வயர் போட்டுக் கொடுக்காத மனுஷன், எப்படிப் போட வேண்டும் என்பதை மட்டும் ஒரு நுணுக்கமும் பிசகாமல் வைத்திருந்தார்.

யுத்த காலத்து மெக்கானிக்குகளின் கைவண்ணத்தைப் புகழ்வது இப்போது வழக்கமாகிவிட்டது. பழைய கார்களைப் பூட்டி ஊர்வலம் விடுகிறார்கள், படம் எடுக்கிறார்கள். புகழ வேண்டியதுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்தக் கார்கள் ஓடியது கைவண்ணத்தால் மட்டும் இல்லை. நிலம் தட்டை, வேகம் குறைவு, தெருவில் வாகனமும் குறைவு. அவ்வளவு சாதகம் இருந்ததால் பிறேக் இல்லாத கார்களும் தப்பிப் பிழைத்தன. இன்று யாழ்ப்பாணத் தெருக்களில் அந்தச் சாதகம் ஒன்றும் மிச்சமில்லை. நிலம் மட்டும் தட்டை.

பழைய மைனர் வைத்திருப்பவர்களுக்கு ஒன்று சொல்வேன். நாற்பது கிலோமீற்றரில் போகும்போது கால் பிறேக் தரைக்குப் போனால் உங்கள் கையில் இருப்பது அந்த நெம்பு ஒன்றுதான், கல்லு வைக்க யாரும் இறங்க முடியாது. வயர் ஒன்று அறுந்திருந்தால் இரண்டையும் சேர்த்து மாற்றுங்கள். மாற்றிய பிறகு வருஷத்துக்கு ஒரு தரமாவது கிறீஸ் காட்டுங்கள்.