கடலூர் வட்டார ஆங்கிலப் பெயர்கள்

கடலூர் வட்டார ஆங்கிலப் பெயர்கள் என்பவை, 1690இல் தேவனாம்பட்டினத்துக் கோட்டையைக் கிழக்கிந்தியக் கம்பெனி மராத்தியரிடமிருந்து வாங்கிய பின் அங்கு வழங்கலான ஆட்பெயர்களும், அவற்றால் அமைந்த இடப்பெயர்களும் ஆகும். ஆங்கிலக் குடும்பப் பெயர்கள் ஊர், தொழில், தந்தை பெயர், பட்டப்பெயர் ஆகியவற்றின் அடியாகத் தோன்றின. இவ்வட்டாரத்தில் சிறப்பாகக் காணத்தக்கவை முதலிரு வகைகளே. கோட்டையை வாங்கிய சென்னை ஆளுநர் எலிகு யேலின் குடும்பப் பெயர், வேல்ஸ் நாட்டின் இயால் என்னும் நிலப்பகுதியிலிருந்து வந்தது. எலிகு என்பதோ 'அவரே என் கடவுள்' எனப் பொருள்படும் எபிரேய விவிலியப் பெயர். வேல்ஸின் காவல் புனிதரான டேவிட்டின் பெயரே கோட்டைக்குச் சூட்டப்பட்டது. எபிரேய மூலத்தில் 'அன்புக்குரியவன்' என்னும் பொருளுடையதாகக் கொள்ளப்படும் இப்பெயரைத் தமிழ்க் கிறித்தவர் தாவீது என வழங்குவர். 1756இல் கோட்டைப் பொறுப்பேற்ற ராபர்ட் கிளைவின் குடும்பப் பெயர், பழைய ஆங்கிலத்தில் செங்குத்துச் சரிவைக் குறித்த சொல்லின் அடியாக எழுந்த ஊர்ப்பெயராகும். பிற்காலத்தில் இது பிள்ளைகளுக்கு இடும் முதற்பெயராகவும் மாறியது. தொழிற்பெயர் வகைக்குக் கேப்பர் மலை சான்றாகும். ஆங்கிலப் படை அதிகாரி ஒருவரால் அமைந்த இவ்விடப்பெயரில் உள்ள கேப்பர் என்பது தொப்பி செய்பவரைக் குறிக்கும்.