கடையத்தில் பாரதி (1918–1920)

தென்காசியிலிருந்து அம்பாசமுத்திரம் போகும் சாலையில், மேற்குத் தொடர்ச்சி மலையடிவாரத்தில் இருக்கிறது கடையம். சுப்பிரமணிய பாரதியின் மனைவி செல்லம்மா பிறந்த ஊர். 1918 டிசம்பரிலிருந்து ஏறக்குறைய இரண்டாண்டு பாரதி இங்கே வாழ்ந்தார். மாமனார் ஊர்தான், ஆனால் அவரை இங்கே இருத்தியது அரசாங்கத்தின் நிபந்தனை.

அதற்குப் பத்தாண்டு முன்கதை உண்டு. 1908இல் பாரதி நடத்திய ‘இந்தியா’ வார இதழின் மீது ராஜத்துரோக வழக்கு பாய்ந்தது. பதிவேட்டில் ஆசிரியராக இருந்த சீனிவாசன் சிறைக்குப் போனார். பாரதி பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரிக்குப் போனார். அங்கிருந்து வந்த இதழுக்கும் பிரிட்டிஷ் இந்தியாவில் தடை. 1910இல் அது நின்றது. அவருடைய ‘கனவு’, ‘ஆறில் ஒரு பங்கு’ நூல்களும் தடைசெய்யப்பட்டன. 1911 ஜூன் 17 அன்று செங்கோட்டை வாஞ்சிநாதன் மணியாச்சியில் கலெக்டர் ஆஷைச் சுட்டுக் கொன்றபின், புதுச்சேரியிலிருந்த தேசபக்தர்கள்மீது சந்தேகம் விழுந்து ஒற்றர் தொல்லை பெருகியது.

1918 நவம்பர் 20 அன்று பாரதி புதுச்சேரியை விட்டு எல்லை தாண்டியதும் கைது, கடலூர்ச் சிறை. டிசம்பர் 14 அன்று நிபந்தனைகளுடன் விடுதலை. திருநெல்வேலி மாவட்டத்தில் குறித்த இடங்களிலேயே தங்க வேண்டும். எழுதுவதை அச்சுக்குமுன் ரகசியப் போலீஸ் மேலதிகாரிக்குக் காட்ட வேண்டும். சிறையைவிட இரண்டாம் நிபந்தனையே கவிஞனுக்குக் கொடியது. 1826இல் ருஷ்யக் கவிஞர் புஷ்கினை வரவழைத்த ஜார் நிக்கோலஸ், இனி உன் எழுத்தை நானே தணிக்கை செய்வேன் என்றார். ஜார் ஆட்சி வீழ்ந்தபோது ‘புதிய ருஷ்யா’ பாடிய பாரதிக்கும் அதே விலங்கு வாய்த்தது.

அப்படியும் அவர் ஓயவில்லை. 1920 ஜூனில் கடையத்திலிருந்து நண்பர்களுக்குச் சுற்றறிக்கை அனுப்பினார். தம் எழுத்துகளை 40 புத்தகங்களாக்கி, ஒவ்வொன்றிலும் 10,000 பிரதி அச்சிடும் திட்டம் அது. மண்ணெண்ணெய், தீப்பெட்டி போல அவை வீடுதோறும் விலைபோகும் என்று உறுதியாக நம்பினார். பணம் சேரவில்லை. கடையத்து நாட்களின் முக்கியமான ஆவணம் அந்தச் சுற்றறிக்கை.

தடைகள் நீங்கியதும் 1920இல் சென்னைக்குத் திரும்பிச் ‘சுதேசமித்திரன்’ நாளிதழில் சேர்ந்தார். அடுத்த செப்டம்பரில் மறைந்தார், வயது 38.

1922இல் செல்லம்மா ‘பாரதி ஆச்ரமம்’ தொடங்கிப் பாரதி பாடல்களின் தொகுப்பான ‘சுதேச கீதங்க’ளை வெளியிட்டார். 1928இல் முதலில் பர்மா அரசும் பிறகு சென்னை அரசும் அந்தப் பாடல்களைத் தடைசெய்தன. போலீஸ் பிரதிகளை அள்ளிப்போனது. சட்டசபையில் காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தி வெகுண்டு பேசினார். பின்னர் தடை விலகியது. 1949இல் பாரதி எழுத்துகளின் பதிப்புரிமையை அரசே வாங்கியது. பிறகு அது மக்களுக்குப் பொதுவாயிற்று.

கடையத்தில் 2022இல் செல்லம்மாவுக்கும் பாரதிக்கும் சேர்த்துச் சிலை வைத்தார்கள்.