கார்டுல கடை பேரு... பில்லை எங்கே கட்டணும்? ஸ்டோர் கிரெடிட் கார்டு வெச்சிருக்கவங்க கவனத்துக்கு!

மாசம் பொறந்தா எங்க சித்திக்கு ஒரு ரவுண்டு உண்டு. மயிலாப்பூர் கச்சேரி ரோட்டிலிருந்து கிளம்பி தி.நகர் உஸ்மான் ரோடு போவார். நகைக்கடையில் சீட்டுப் பணம் கட்டுவார், பாஸ்புக்கில் சீல் வாங்குவார், பனகல் பார்க் பக்கம் ஒரு காபி குடித்துவிட்டு வீடு திரும்புவார். இருபது வருடப் பழக்கம்.

இரண்டு வருடங்களுக்கு முன்பு, அதே தி.நகரில் ஒரு பெரிய கடையில் பில் போட நின்றிருந்தார். பக்கத்தில் டேபிள் போட்டு உட்கார்ந்திருந்த பையன், "மேடம், எங்க ஸ்டோர் கார்டு எடுத்துக்கோங்க. 500 ரூபாய் வவுச்சர் கிடைக்கும்" என்றான். சித்தி எடுத்துக்கொண்டார். தீபாவளிக்கு அந்த கார்டில் ஒரு சுடிதாரும் ரெண்டு பெட்ஷீட்டும் வாங்கினார். மொத்தம் 1,860 ரூபாய். அடுத்த மாதம் நகைச்சீட்டு கட்டப் போன கையோடு, ரொக்கத்தை எடுத்துக்கொண்டு அந்தக் கடைக்கும் போனார்.

"இங்க கட்ட முடியாது மேடம். ஆப்ல கட்டுங்க."

எந்த ஆப் என்று யாரும் சொல்லவில்லை. கடையின் ஆப்பை இறக்கிப் பார்த்தார், பில் கட்டுகிற இடமே அதில் இல்லை. சரி, அவங்களே கூப்பிடுவாங்க என்று விட்டுவிட்டார். கூப்பிடவும் செய்தார்கள். ஆனால், தெரியாத நம்பரை எடுக்காதீங்கன்னு வீட்ல அத்தனை பேரும் அவருக்குச் சொல்லி வெச்சிருந்தோம். (நானும்தான்!)

ஆறேழு மாதம் கழித்து மகளின் கல்விக்கடனுக்கு இணை விண்ணப்பதாரராகக் கையெழுத்துப் போட வங்கிக்குப் போனபோதுதான் விஷயம் வெளியே வந்தது. "உங்க பேர்ல ஒரு கார்டு பாக்கி நிக்குதேம்மா." பாக்கியைக் கட்டி, 'நிலுவை இல்லை' கடிதம் வாங்கி, அது கடன் அறிக்கையில் ஏறுவதற்குள் கல்லூரியில் பணம் கட்ட வேண்டிய தேதி வந்துவிட்டது. முதல் செமஸ்டர் ஃபீஸுக்கு சித்தியின் ரெண்டு வளையல் அடகுக்கடைக்குப் போச்சு. கையில் காசு இல்லாமல் வந்த வினை இல்லை இது. கட்டத் தயாராக இருந்தவருக்கு எங்கே கட்டுவது என்று தெரியவில்லை, அவ்வளவுதான்.

கடன் கொடுத்தது கடை இல்லை!

நகைச்சீட்டில் நாம்தான் கடைக்கு முன்பணம் கொடுக்கிறோம், அதனால் கடை கவுன்ட்டரில் கட்டுகிறோம். ஸ்டோர் கார்டில் நமக்குக் கடன் கொடுப்பது வங்கி. கடை தன் பெயரையும் லோகோவையும் ஆஃபரையும் மட்டும்தான் தருகிறது. இதற்கு 'கோ-பிராண்டட் கார்டு' என்று பெயர். 2022 ஏப்ரலில் வந்து அந்த ஆண்டு ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த ரிசர்வ் வங்கி விதிகள் இதில் தெளிவாக இருக்கின்றன. கார்டை ஆள்பிடித்து விற்பதும், சலுகை தருவதும்தான் கடையின் வேலை. உங்கள் கார்டு பரிவர்த்தனை விவரத்தைக் கடை பார்க்கவே கூடாது. அப்புறம் பில் கவுன்ட்டரில் இருக்கும் பெண்ணுக்கு உங்கள் பாக்கி எப்படித் தெரியும்?

அமெரிக்காவில் கதை கொஞ்சம் வேறு. கோல்ஸ், மேசிஸ் மாதிரி கடைகளில் கார்டு பில்லை கடையிலேயே கட்டிவிட்டு வரலாம். அங்கேயும் பின்னால் இருப்பது வங்கிதான் என்றாலும், கவுன்ட்டர் வசதி உண்டு. இந்த விஷயத்தில் யூடியூபில் அமெரிக்க வீடியோ பார்த்துவிட்டு இங்கே கடைக்குப் போய் நிற்காதீங்க.

ஆகவே முதல் வேலை, கார்டைத் திருப்பிப் பார்த்து வங்கியின் பெயரைக் கண்டுபிடிப்பது. அமேசான் பே கார்டு என்றால் ஐ.சி.ஐ.சி.ஐ வங்கி. ரிலையன்ஸ் கடைகளின் கார்டு 2023 அக்டோபரில் எஸ்.பி.ஐ கார்டு நிறுவனத்தோடு சேர்ந்து வந்தது. குழப்பம் எங்கே என்றால், ஒரே கடைப் பெயரில் இரண்டு வங்கிகள் இருக்கலாம். டாடா நியூ கார்டு 2022-ல் ஹெச்.டி.எஃப்.சி வங்கியோடு தொடங்கியது, 2025-ல் எஸ்.பி.ஐ கார்டும் அதே பெயரில் ஒன்றை வெளியிட்டது. ஃபிளிப்கார்ட்டும் அப்படித்தான், முதலில் ஆக்சிஸ், பிறகு எஸ்.பி.ஐ கார்டு. பக்கத்து சீட் நண்பன் கட்டுகிற வழி உங்கள் கார்டுக்குப் பொருந்தாமல் போகலாம்.

இன்னொரு முடிச்சும் இருக்கிறது. 'எஸ்.பி.ஐ கார்டு' என்பது ஸ்டேட் பேங்க் இல்லை. 1998-ல் தொடங்கிய தனி நிறுவனம், 2020 மார்ச்சில் பங்குச்சந்தையிலும் தனியாகப் பட்டியலானது. அதனால் மயிலாப்பூர் ஸ்டேட் பேங்க் கிளையில் போய் "என் கார்டுல ஏன் இவ்ளோ வட்டி?" என்று கேட்டால், அவர்கள் கஸ்டமர் கேர் நம்பரைத்தான் எழுதிக் கொடுப்பார்கள். உங்க பேங்க் ஆப்பிலும் அந்த பில் தானாக வந்து நிற்கும் என்று நினைக்காதீங்க. கார்டு நிறுவனத்துக்குத் தனி ஆப் உண்டு.

சரி, எப்படிக் கட்டுவது?

நான் முதலில் சொல்வது, கார்டு கொடுத்த வங்கியின் சொந்த ஆப் அல்லது இணையதளம். இன்றைய பாக்கி எவ்வளவு, கடைசித் தேதி எது என்பது அங்கேதான் சரியாகத் தெரியும். கடையில் பொருளைத் திருப்பிக் கொடுத்திருந்தால் இது ரொம்ப முக்கியம். கடைசித் தேதிக்கு முன் வரும் ரீஃபண்டை உடனே பாக்கியில் கழிக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. ஆனால் அது நிஜமாகவே கழிந்துவிட்டதா என்று ஆப்பில் பார்த்த பிறகு மீதியைக் கட்டுங்கள். 'திருப்பிக் கொடுத்துட்டோமே' என்று நாமே மனக்கணக்கில் கழித்துக் கட்டினால், ரீஃபண்ட் தாமதமாகும்போது பில் அரைகுறையாக நிற்கும்.

ஜிபே, போன்பே, கிரெட் மாதிரி ஆப்கள்தான் பெரும்பாலானவர்களின் வழக்கம். தாராளமாகக் கட்டலாம். இந்த ஆப்கள் வழியாகக் கட்டும் கார்டு பில் எல்லாம் 2024 ஜூலையிலிருந்து பாரத் பில் பேமென்ட் சிஸ்டம் வழியாகத்தான் போக வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. இப்போது அதன் பெயர் 'பாரத் கனெக்ட்'. ஆரம்பத்தில் பெரிய வங்கிகள் சில சேராமல் இழுத்தன. அந்த சமயத்தில் 'என் பேங்க் வரலையே' என்று தேடிய பலரில் நானும் ஒருத்தி. கவனிக்க வேண்டியது ஒன்றுதான். 'கிரெடிட் கார்டு பில்' பகுதிக்குள் போய் கடையின் பெயரைத் தேடாமல், வங்கியின் பெயரைத் தேடுங்கள். கார்டோடு பதிவான மொபைல் நம்பரும் கார்டின் கடைசி நான்கு இலக்கமும் கொடுத்தால் பில் வரும். கட்டி முடித்ததும் வரும் ரெஃபரன்ஸ் நம்பரை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். அக்கவுன்ட்டில் பணம் போன நொடியே கார்டு கணக்கில் ஏறிவிடும் என்று உத்தரவாதம் இல்லை, சில நேரம் ஓரிரு நாள் ஆகும். கடைசி நாள் இரவு 11.50-க்கு கட்டுகிற சாகசம் வேண்டாம் பாஸ்.

நெட் பேங்கிங்கில் நெஃப்ட் மூலமும் கட்டலாம். அக்கவுன்ட் நம்பர் இருக்கும் இடத்தில் 16 இலக்க கார்டு நம்பரைப் போட வேண்டும். ஐ.எஃப்.எஸ்.சி கோடு உங்கள் கிளையின் கோடு கிடையாது. கார்டு பில்களுக்கென்றே ஒன்று இருக்கும், அதை ஸ்டேட்மென்ட்டிலோ வங்கியின் தளத்திலோ பார்த்து எடுங்கள். முதல் தடவை ஒரு ரூபாய் மட்டும் அனுப்பி, போய்ச் சேர்ந்ததா என்று பார்த்துவிட்டு மீதியை அனுப்பினால் நிம்மதி. 2019 டிசம்பரிலிருந்து நெஃப்ட் 24 மணி நேரமும் இயங்குகிறது, ஞாயிற்றுக்கிழமை கவலை இல்லை.

மறதிக்காரர்களுக்கு ஆட்டோ டெபிட். இதில் ஒரு வலை இருக்கிறது. பதிவு செய்யும்போது 'முழு பாக்கி'யா, 'குறைந்தபட்சத் தொகை'யா என்று கேட்கும். அவசரத்தில் இரண்டாவதைத் தட்டிவிட்டு, மாதாமாதம் பில் கட்டுவதாக நம்பிக்கொண்டிருப்பவர்கள் நிறைய. பதிவு நடைமுறைக்கு வர நாளாகும் என்பதால் முதல் பில்லை நீங்களே கட்டிவிடுங்கள். அக்கவுன்ட்டில் பணம் இல்லாமல் டெபிட் திரும்பினால் அதற்கும் அபராதம் உண்டு.

செக்? இன்னும் வழி இருக்கிறது. செக்கில் வங்கிப் பெயரோடு கார்டு நம்பரையும் எழுதி, நாலைந்து வேலை நாள் முன்னதாகவே டிராப் பாக்ஸில் போட வேண்டும். ரொக்கமாகக் கட்டவும் வங்கிக் கிளையில் முடியும். ஆனால் அதற்குத் தனிக் கட்டணம் வாங்குவார்கள். சித்தி ஒருவேளை சரியான இடத்துக்கே போயிருந்தாலும், 1,860 ரூபாய் கட்ட அதற்கு மேல் ஒரு தொகையை தண்டம் அழுதிருப்பார்.

600 கட்டினா போதும்னு நினைச்சா...

பில்லில் இரண்டு எண்கள் இருக்கும், மொத்த பாக்கி, குறைந்தபட்சத் தொகை. இரண்டாவது எண் பார்க்க அழகாக இருக்கும். ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். அக்டோபர் 5-ம் தேதி 12,000 ரூபாய்க்குத் துணி வாங்குகிறீர்கள். 18-ம் தேதி பில் வருகிறது. நவம்பர் 7 கடைசி நாள். குறைந்தபட்சத் தொகை 5% என்றால் 600 ரூபாய், அதை மட்டும் கட்டுகிறீர்கள். மாதம் 3.5% வட்டி என்று வைத்துக்கொள்வோம், இதைவிட அதிகம் வாங்கும் கார்டுகளும் உண்டு. மீதி 11,400 ரூபாய்க்கு வட்டி நவம்பர் 7-லிருந்து ஓடாது, துணி வாங்கிய அக்டோபர் 5-லிருந்தே ஓடும். நவம்பர் 18 பில்லுக்குள் 44 நாள். வட்டி ஏறக்குறைய 577 ரூபாய், அதன் மேல் 18% ஜி.எஸ்.டி. மொத்தம் 680 ரூபாய்க்குக் குறையாது. அதாவது 600 ரூபாய் கட்டிய பிறகு, கடன் முன்பைவிட ஏறியிருக்கிறது. போதாக்குறைக்கு, பழைய பாக்கி தீரும் வரை புதிதாக வாங்கும் பொருளுக்கும் வட்டியில்லாக் காலம் கிடைக்காது.

இந்த வட்டிக்கு உச்சவரம்பு இல்லையா என்று கேட்டால், ஒரு காலத்தில் இருந்தது. கடைசித் தேதிக்குள் முழுதாகக் கட்டாதவர்களிடம் ஆண்டுக்கு 30 சதவிகிதத்துக்கு மேல் வாங்கக் கூடாது என்று தேசிய நுகர்வோர் ஆணையம் 2008-ல் சொன்னது. 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. மாதம் 3.5% என்றால் ஆண்டுக்கு 42%. அடகுக்கடைக்காரரே யோசிப்பார்!

நாள் தவறிட்டா?

ஒரு நாள் தவறியதும் பதறத் தேவையில்லை. கடைசித் தேதி தாண்டி மூன்று நாளுக்கு மேல் போனால்தான் தாமதக் கட்டணம் போடவும், கிரெடிட் பியூரோவிடம் 'பாக்கி' என்று சொல்லவும் வங்கிக்கு அனுமதி. ஆனால் அந்த மூன்று நாளைத் தாண்டிவிட்டால் விஷயம் வேகமாகப் போகும். 2025 ஜனவரியிலிருந்து வங்கிகள் கிரெடிட் தகவலை மாதம் ஒரு முறை இல்லை, 15 நாளுக்கு ஒரு முறையாவது அனுப்ப வேண்டும். கல்விக்கடன், பைக் லோன் என்று எதற்காவது விண்ணப்பிக்கப் போகிறீர்கள் என்றால், பழைய ஸ்டோர் கார்டு எதிலாவது சில்லறை பாக்கி நிற்கிறதா என்று முன்னாடியே கிரெடிட் ரிப்போர்ட் எடுத்துப் பாருங்கள். ஒவ்வொரு பியூரோவும் வருடத்துக்கு ஒரு முழு ரிப்போர்ட் இலவசமாகத் தர வேண்டும்.

சம்பளம் ஒன்றாம் தேதி, பில் கடைசி நாள் 28 என்று இடித்தால், பில் தேதியை மாற்றித் தரச் சொல்லிக் கேட்கலாம். குறைந்தது ஒரு முறையாவது அந்த வாய்ப்பை வங்கி தர வேண்டும். இது பலருக்குத் தெரியாது, எனக்கே போன வருடம்தான் தெரிந்தது.

கஸ்டமர் கேர் நம்பரை மட்டும் தேடுபொறியில் தேடி எடுக்காதீங்க. மேலே வந்து நிற்கும் நம்பர் மோசடிக்காரருடையதாக இருக்கலாம். கார்டின் பின்புறமே நம்பர் இருக்கிறது. 'ரிவார்டு பாயின்ட் காலாவதியாகுது' என்று வாட்ஸ்அப்பில் வரும் ஃபைலையும் திறக்க வேண்டாம். பணம் போய்விட்டால் உடனே 1930. வங்கியோடு தகராறு என்றால் முதலில் எழுத்தில் புகார் கொடுங்கள், 30 நாளில் தீராவிட்டால் ரிசர்வ் வங்கி ஓம்பட்ஸ்மேனிடம் போகலாம், அதற்குக் கட்டணம் கிடையாது.

வளையல் ரெண்டும் மீட்டாச்சு. சித்தி செய்த அடுத்த வேலை, கார்டை மூடச் சொன்னதுதான். பாக்கி எதுவும் இல்லை என்றால் ஏழு வேலை நாளுக்குள் மூடித் தர வேண்டும், தவறினால் அதன்பின் ஒவ்வொரு நாளுக்கும் 500 ரூபாய் வங்கிதான் கொடுக்க வேண்டும் என்று நான் படித்துச் சொன்னதும், "அப்படியா! லேட் பண்ணட்டுமே" என்றார். ஐந்தாம் நாளே மூடிவிட்டார்கள்.