திரையில் இரு வீரர்கள்

அமெரிக்க நடிகர் ரொனால்டு ரீகன் மெய்யாக வாழ்ந்த விளையாட்டு வீரர் இருவராகத் திரையில் தோன்றினார். 1920-இல் 25 வயதில் மறைந்த நாட்டர்டேம் பல்கலைக்கழகக் கால்பந்து வீரர் ஜார்ஜ் கிப்பாக 1940-இல் நடித்தார். ‘கிப்பர்’ என்னும் அவ்வீரரின் செல்லப்பெயர், 1981-இல் குடியரசுத் தலைவரான ரீகனுக்கே நிலைத்துவிட்டது.

1952-இல், பேஸ்பால் ஆட்டத்தில் 373 வெற்றிகள் ஈட்டிய பந்தெறி வீரர் குரோவர் அலெக்சாண்டராக நடித்தார். அவ்வீரருக்குக் குடிப்பழக்கத்தோடு காக்கை வலிப்பும் இருந்தது. ஆயினும் படத்தில் அந்நோயின் பெயர் ஓரிடத்தும் ஒலிக்கவில்லை. ஒலித்திருந்தால், அந்நோயுற்ற எத்தனையோ பேரின் கூச்சம் சிறிதேனும் குறைந்திருக்கும்! ஆகவே, திரைப்படத்தில் கண்ட வீரரின் வாழ்வை நூல்களிலும் தேடிப் படியுங்கள்.